நூற்று நாலாவது சுற்று

1913 நவம்பர் 9, ஞாயிறு

இந்த நோட்டின் முதல் மூன்று பக்கங்களில் கோடுகள்தான் இருக்கின்றன. நேற்று பரேடு மைதானத்தில் நான் போட்டவை. மிச்சப் பக்கங்கள் காலியாக இருப்பதால் இதில் எழுதுகிறேன். அம்மா தூங்குகிறாள். அண்ணனும் தூங்குகிறான், தூக்கத்திலும் அவன் கால்கள் துடிக்கின்றன. வெளிச்சம் அவர்கள் முகத்தில் விழாமல் இருக்க விளக்குக்கு முன்னால் ஒரு தட்டை நிறுத்தியிருக்கிறேன்.

என் அண்ணன் தேவசகாயம் நேற்று ஜெயித்தான். இருபத்தாறு மைல் ஓட்டம். பதினேழு பேர் தொடங்கினார்கள், ஆறு பேர் முடித்தார்கள். பெங்களூர் ராணுவத் தண்டு முழுவதும் இன்று இதே பேச்சுதான்.

மைதானத்தை நாலு முறை சுற்றினால் ஒரு மைல். ஆக, நூற்று நாலு சுற்று. ஓடுகிற ஒவ்வொருவருக்கும் ஓர் ஆள் எல்லைக்கோட்டுப் பக்கத்தில் உட்கார்ந்து, அவர் ஒரு சுற்று முடித்துத் தாண்டும்போது ஒரு கோடு போட வேண்டும். நாலு கோடு, குறுக்கே ஒன்று. அது ஒரு கட்டு. கட்டு முடிந்ததும் பெரிய கடிகாரத்தைப் பார்த்து மணி எழுத வேண்டும். நூற்று நாலாவது கோடு விழுந்ததும் அவருக்கு ஓட்டம் முடிந்தது என்று மணி அடிப்பார்கள். சிப்பாய்களுக்கு அவர்களுடைய ரெஜிமெண்ட் கிளார்க்குகள் எழுதினார்கள். அண்ணன் பேக்கரியில் வேலை செய்கிறான். அங்கே எழுதத் தெரிந்தவர் முதலாளி ஞானாதிக்க முதலியார் ஒருவர்தான். அவர் பிராந்தியும் முட்டையும் கலந்த குவளையோடு அண்ணன் பக்கத்திலேயே ஓடவேண்டியிருந்தது. அதனால் ஏழாம் வகுப்பு படிக்கும் என்னை உட்கார வைத்தார்கள்.

நடுவில் ஒரு தடவை பென்சில் முறிந்தது. வேறு எதுவும் நடக்கவில்லை.

நவம்பர் 10, திங்கள்

வகுப்பில் எல்லோரும் எனக்காகக் கை தட்டினார்கள். வயிற்றுவலி என்று சொல்லி மத்தியானமே வந்துவிட்டேன்.

நவம்பர் 13, வியாழன்

வெள்ளிக் கோப்பையை அம்மா மாதா சுரூபத்துக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறாள். பார்க்க வருகிறவர்களிடம் ஒரே கதையைச் சொல்கிறாள். அண்ணன் பதினாறு வயதில் ரொட்டிப் பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு நாற்பது பங்களாவுக்கும் ஓடியே போவான். ஆறு மணிக்குத் துரைமார் மேஜைக்கு ரொட்டி சூடாகப் போகும். அதைப் பார்த்துத்தான் முதலாளி அவனை முதலில் ஐந்து மைல் பந்தயத்திலும், பிறகு பத்து மைலிலும் சேர்த்தார். "இப்ப பம்பாய்க்குப் போறான்," என்று முடிப்பாள். ஜனவரியில் பம்பாயில் பெரிய ஓட்டம். இங்கே முதலாவதாக வந்தவனை மட்டும் பந்தயம் நடத்துகிற துரைமார் கிளப் தன் செலவில் அனுப்பும்.

சாயங்காலம் வாசலில் ஓர் ஆள் வந்து நின்றார். ஒட்டிய கன்னம், காக்கித் தலைப்பாகை, கையில் ஒரு பாட்டில். இரண்டாவதாக வந்த முனிரத்தினம். கர்னல் வீட்டுக் குதிரைக்காரர். நான் நோட்டைப் பாய்க்கு அடியில் தள்ளினேன்.

"தம்பி கீறானா?" என்றார்.

அண்ணன் எழுந்திருக்கப் பார்த்தான். முடியவில்லை.

"படு, படு. ஜெயிச்சவன் படுத்துக்கலாம். தோத்தவன்தான் நடந்து வரணும்." சிரித்தார். "குதிரைக்குத் தேய்க்கிற எண்ணெய். நாத்தம் கொடலைப் புடுங்கும். ஆனா நாளைக்கே நிப்ப."

"ஐயோ, நீங்க எதுக்கு? குடுங்க, நான் தேய்ச்சு விடறேன்," என்றாள் அம்மா.

"நீ புள்ளையத் தேய்ப்பம்மா. நான் காலைத் தேய்ப்பேன். ரெண்டும் வேற வேலை."

தரையில் உட்கார்ந்து அண்ணனின் காலை மடியில் வைத்துக்கொண்டார். கட்டைவிரலால் அழுத்த அழுத்த அண்ணன் கத்தினான். அவர் விடவில்லை.

"ஏன்டா, கடைசியில எங்கேருந்து வந்துச்சு உனக்கு மூச்சு? நீ விழுந்தப்ப உன்னைத் தாண்டினேன். அப்புறம் உன் முதுகையே நான் பாக்கல. பின்னாடிதான் கீறான்னு நெனச்சிக்கினு ஓடறேன், உனக்கு மணி அடிச்சிட்டானுங்க!"

"எனக்கே தெரியலண்ணே. விழுந்ததுக்கப்புறம் ஒண்ணுமே ஞாபகமில்ல."

"அதான் வயசு. எனக்கு முப்பத்தஞ்சு. எனக்கு அது போயிடுச்சி." இன்னொரு காலையும் மடிக்கு இழுத்துக்கொண்டார். பிறகு என்னைப் பார்த்தார். "நீதானே பாப்பா கோடு போட்டது? அந்த வெயில்ல அசையாம குந்தினு இருந்தியே. நல்ல புள்ள."

நான் அடுப்படிக்குப் போய்த் தண்ணீர் குடித்தேன்.

நவம்பர் 15, சனி

பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். அம்மா ரெஜிமெண்ட் சட்டைகளுக்குப் பொத்தான் தைக்கிறாள். அந்த டப்பாவிலிருந்து ஒரு பித்தளைப் பொத்தான் எடுத்ததைச் சொன்னேன். ஜெபத்தின்போது தூங்கியதைச் சொன்னேன். "இன்னும் ஏதாவது இருக்கா?" என்று சாமியார் கேட்டார். "இல்லை சாமி," என்றேன்.

நவம்பர் 16, ஞாயிறு

பூசையில் நன்மை அப்பம் வாங்கப் போகவில்லை. தலை சுற்றுகிறது என்று அம்மாவிடம் சொன்னேன். அண்ணன் நொண்டிக்கொண்டு போனான். எல்லோரும் அவனுக்கு வழி விட்டார்கள்.

நவம்பர் 22, சனி

முனிரத்தினம் தினமும் வருகிறார். இன்று அண்ணனுக்குப் பதினைந்து மைல் பயிற்சி. முதலாளி குடை பிடித்துக்கொண்டு பாதையோரம் நின்றார். நான் துண்டு பிடித்துக்கொண்டு நின்றேன். பத்தாவது மைலில் அண்ணனின் உதடு வெளுத்துப் போயிருந்தது.

"கொஞ்சம் தண்ணி குடுக்கலாமே, முதலாளி," என்றார் முனிரத்தினம்.

"தண்ணியா? ஓடறவன் தண்ணி குடிச்சா தொலைஞ்சான். வயிறு கனத்துடும். சீமையிலேருந்து வந்த புஸ்தகத்துலயே போட்டிருக்கு. வாய் கொப்பளிச்சுத் துப்பலாம், அவ்வளவுதான்."

"புஸ்தகம் எழுதினவரு எத்தனை மைலு ஓடினாரு?"

முதலாளி குடையை மட்டும் வேறு பக்கம் திருப்பினார்.

முனிரத்தினம் என்னைக் கூட்டிக்கொண்டு அடுத்த வளைவுக்குப் போனார். அங்கே புளியமரத்துக்குப் பின்னால் ஒரு சொம்பு வைத்திருந்தார். "ஓடி வந்த குதிரையை அப்படியே தொட்டியில வாய வெக்க விட்டா சாவும். அதுக்காகத் தண்ணியே காட்டாம வுட்டா? அதுவும் சாவும். நாலு மொடக்கு குடு. கொஞ்சம் ஓடட்டும். மறுபடி நாலு மொடக்கு. தெரிஞ்சுக்கோ பாப்பா, நான் இல்லன்னாலும் நீ குடுப்ப."

அண்ணன் முதலாளி கண்ணில் படாமல் மூன்று முறை குடித்தான். பதினைந்து மைலும் முடித்துவிட்டு உட்காராமல் பேசிக்கொண்டே நடந்து வந்தான். அப்படி அவன் வந்து நான் பார்த்ததே இல்லை.

இவர் ஏன் இவ்வளவு நல்லவராக இருக்கிறார்?

நவம்பர் 30, ஞாயிறு

கோயில் வாசலில் முதலாளி என்னை நிறுத்தினார். "பிலோமி, அந்தக் கோடு போட்ட நோட்டு எங்க? கண்ணாடிச் சட்டம் போட்டுக் கடையில மாட்டப் போறேன். வர்ற துரைமாரெல்லாம் பாக்கட்டும்."

"பள்ளிக்கூடத்துல இருக்குங்க."

"சனிக்கிழமைக்குள்ள கொண்டா."

கட்டுக்குக் கட்டு மணி எழுதியிருக்கிறேன். துரைமார் மணி பார்க்கத் தெரிந்தவர்கள். பதினாறாவது கட்டுக்குப் பத்து நிமிஷம். பதினெட்டாவது கட்டுக்குப் பன்னிரண்டு நிமிஷம். நடுவில், அண்ணன் விழுந்து கிடந்து எழுந்து ஓடிய பதினேழாவது கட்டுக்கு மட்டும் ஒன்பது நிமிஷம்.

டிசம்பர் 1, திங்கள்

பென்சில் முறியவில்லை.

எண்பத்து மூன்றாவது சுற்றில், கோட்டுக்குப் பத்தடி முன்னால் அண்ணன் முகம் குப்புற விழுந்தான். முதலாளி அவன் வாயில் பிராந்தியை ஊற்றித் தூக்கி நிறுத்தினார். அவன் கோட்டைத் தாண்டும்போது என்னைப் பார்த்தான். கண் முழுக்க வெள்ளையாக இருந்தது. "அம்மா, தண்ணி," என்றான், என்னிடம். நான் எழுந்தேன். "உக்காரு!" என்று முதலாளி அதட்டினார். உட்கார்ந்தேன். அவன் முதுகைத் தள்ளிவிட்டார். அண்ணன் போனான்.

ஒரு கோடு போட்டேன். இன்னும் இருபத்தொரு சுற்று இருந்தது. பக்கத்தில் இன்னொரு கோடு போட்டேன்.

கை தானாகப் போட்டது என்று எழுத வந்தேன். அதுவும் பொய். நான்தான் போட்டேன். இன்னும் பத்துக்கூடப் போட்டிருப்பேன். பக்கத்து கிளார்க் பார்த்துவிடுவாரோ என்ற பயத்தில் ஒன்றோடு நிறுத்தினேன்.

என் நோட்டில் நூற்று நாலு வந்ததும் அண்ணனுக்கு மணி அடித்தார்கள். அப்போது முனிரத்தினம் மைதானத்தின் அந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருந்தார். அவர் அரைச் சுற்று பின்னால் வருகிறார் என்று எல்லோரும் நினைத்தார்கள். உண்மையில் அவர் அரைச் சுற்று முன்னால் இருந்தார்.

இன்று அடுப்பு எரியும்போது நோட்டைப் பக்கத்தில் கொண்டுபோனேன். அட்டை கொஞ்சம் கருகியது. எடுத்துவிட்டேன். நோட்டை எரித்துவிடலாம். ஆனால் முனிரத்தினம் நாளைக்கும் எண்ணெய் பாட்டிலோடு வருவார்.

டிசம்பர் 2, செவ்வாய்

பள்ளிக்கூடம் விட்டதும் கர்னல் பங்களாவின் பின்பக்கம் லாயத்துக்குப் போனேன். முனிரத்தினம் ஒரு குதிரையின் காலைத் தூக்கிக் குளம்பில் ஒட்டிய மண்ணைச் சுரண்டிக்கொண்டிருந்தார்.

"இன்னா பாப்பா? தம்பிக்கு ஏதாவது...?"

நோட்டை நீட்டினேன். அவருக்குப் படிக்கத் தெரியாது. கோடு எண்ணத் தெரியும். பதினேழாவது கட்டைக் காட்டி, முன்னால் எத்தனை நிமிஷம், பின்னால் எத்தனை நிமிஷம் என்று சொன்னேன். விழுந்த இடத்தைச் சொன்னேன். "இதுல ஒண்ணு நானா போட்டது," என்றேன்.

குதிரையின் காலைக் கீழே விட்டார். கட்டு கட்டாகக் கடைசிவரை எண்ணினார். கவிழ்த்து வைத்திருந்த வாளியின் மேல் உட்கார்ந்தார்.

"அன்னிக்கு எனக்கு மூச்சு நல்லாத்தான் இருந்திச்சு," என்றார். என்னிடம் சொன்ன மாதிரி இல்லை. "காலும் நல்லாத்தான் இருந்திச்சு. அப்படியிருந்தும் ஒரு பையன் தாண்டிட்டானேன்னு... வூட்ல போயி சொன்னேன், நம்ம ஓட்டம் முடிஞ்சிபோச்சி, இனிமே குதிரையே போதும்னு. ஓடற துணியை எல்லாம் வூட்டுக்காரி கிழிச்சிக் குழந்தைக்குப் போட்டுட்டா."

நான் அழுதேன். அவர் என்னைச் சமாதானப்படுத்தவில்லை.

"ஏன் போட்ட?"

"செத்துடுவான்னு பயந்துட்டேன்."

"உங்கண்ணனுக்கு இது தெரியுமா?"

"தெரியாது. யாருக்கும் தெரியாது."

அவர் முகம் கொஞ்சம் இளகிய மாதிரி இருந்தது. "அந்த மட்டுக்கும் சரி," என்றார். பிறகு நோட்டை என் கையில் திருப்பி வைத்தார். "நான் அவன்கிட்ட சொல்ல மாட்டேன். நீதான் சொல்லணும். போ."

டிசம்பர் 3, புதன்

முனிரத்தினம் வரவில்லை. "ஏன் வரல? நான் போய்ப் பார்த்துட்டு வரட்டுமா?" என்று அண்ணன் இரண்டு முறை கேட்டான்.

டிசம்பர் 4, வியாழன்

சொல்லிவிட்டேன்.

அண்ணன் ரொட்டிப் பெட்டிக்குள் விரிக்கும் துணியை மடித்துக்கொண்டிருந்தான். முதலில் சிரித்தான். "போடி, விளையாடாத," என்றான். நோட்டைக் காட்டினேன். அவனும் எண்ணினான். அம்மா ஊசியைப் பிடித்தபடி அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

"அப்ப நான் முடிக்கலியா?"

"ஒரு சுத்து பாக்கி."

"இருபத்தாறு மைல் நான் ஓடவே இல்ல."

"அண்ணா..."

"என்னால முடியாதுன்னு நீயே முடிவு கட்டிட்ட. விழுந்தேன். எழுந்துட்டேன் இல்ல? ஓடினேன் இல்ல? அந்த ஒரு சுத்தையும் ஓடியிருப்பேன்டி!"

அம்மா எழுந்து வந்து என் கன்னத்தில் அறைந்தாள். அண்ணன் வெளியே போய்விட்டான். அப்புறம் அம்மா சீப்பை எடுத்து வந்து, பின்னியிருந்த என் தலையை அவிழ்த்து மறுபடியும் பின்னினாள். 

டிசம்பர் 6, சனி

கோப்பையை அண்ணன் துண்டில் சுற்றி எடுத்துக்கொண்டான். நோட்டை நான் எடுத்துக்கொண்டேன். கிளப் செக்ரட்டரி துரையின் வீடுவரை அவன் முன்னால் நடந்தான், நான் பின்னால்.

துரை கண்ணாடி மாட்டிக்கொண்டு மணிகளைப் பென்சிலால் கூட்டிக் கழித்துப் பார்த்தார். என் வயதைக் கேட்டார். பதின்மூன்று என்றேன். வெகு நேரம் மீசையைத் தடவினார். பிறகு முனிரத்தினத்தைக் கூட்டி வர ஆள் அனுப்பினார். கோப்பை அவருக்கு. பம்பாயும் அவருக்கு. அண்ணன் அடுத்த நவம்பர் வரை கிளப் பந்தயம் எதிலும் ஓடக்கூடாது. நோட்டை என்னிடமே கொடுத்துவிட்டார்.

முனிரத்தினம் கோப்பையை வாங்கி, எங்கே வைப்பது என்று தெரியாமல் கக்கத்தில் இடுக்கிக்கொண்டார். அண்ணன் அவர் காலைத் தொடக் குனிந்தான். "எழுந்திருடா, காலைத் தேய்க்கிறவன் நானு," என்று தோளைப் பிடித்துத் தூக்கினார்.

முதலாளி வீட்டுக்கே வந்து கத்தினார். பேக்கரியின் பேரே போய்விட்டதாம். அண்ணனுக்கு இனி வேலை இல்லையாம்.

டிசம்பர் 8, திங்கள்

காலை ஏழு மணிக்கு முதலாளியே வந்து நின்றார். நாற்பது பங்களாவுக்கும் ரொட்டி போகவில்லை. அண்ணன் ஜெயித்துப் படுத்திருந்தபோது பொறுத்துக்கொண்ட துரைசானிகள் இப்போது ஆள்மேல் ஆள் அனுப்புகிறார்கள். "வாடா, போனது போகட்டும்," என்றார். அண்ணன் சட்டையை மாட்டிக்கொண்டு ஓடினான்.

டிசம்பர் 9, செவ்வாய்

அண்ணன் என்னோடு பேசவில்லை.

டிசம்பர் 11, வியாழன்

"அம்மா, அவளை உப்பு எடுக்கச் சொல்லு," என்றான். நான் எடுத்து வைத்தேன்.

டிசம்பர் 13, சனி

சாமியாரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். அவர் கடைசிவரை கேட்டார். பிறகு, அண்ணனுக்காகப் பத்து ஜெபம் சொல்லச் சொன்னார். எனக்கு என்ன தண்டனை என்று கேட்டேன். "அதான் நடந்துகிட்டிருக்கே," என்றார்.

டிசம்பர் 19, வெள்ளி

முனிரத்தினம் பங்களாச் சாலைகளில் ஓடிப் பழகுகிறார். அண்ணன் ரொட்டி போட்டு முடித்துவிட்டு வளைவில் சொம்போடு நிற்கிறான். நானும் போய்ச் சற்றுத் தள்ளி நின்றேன். அண்ணன் என்னைப் பார்த்தான். போ என்று சொல்லவில்லை.

டிசம்பர் 27, சனி

முனிரத்தினம் இன்று பம்பாய்க்குப் புறப்பட்டார். அண்ணன் ரயிலுக்குக் கிளம்பும்போது, "அவளையும் கூட்டிட்டுப் போ," என்றாள் அம்மா. "வரணும்னா வரட்டும்," என்றான் சுவரைப் பார்த்து.

மூன்றாம் வகுப்புப் பெட்டி. ஜன்னலோரம் இடம் பிடித்துக்கொடுத்து, இரண்டு நாளைக்குத் தேவையான ரொட்டியை அண்ணன் உள்ளே தள்ளினான்.

"அங்க யாருண்ணே உங்களுக்குத் தண்ணி குடுப்பாங்க?"

"பம்பாய்ல தண்ணியா இல்ல? சுத்தி சமுத்திரம்." பிறகு என்னைக் கூப்பிட்டார். நான் ஜன்னலுக்குக் கீழே போய் நின்றேன். அன்று லாயத்தில் பார்த்த பிறகு அவர் என்னிடம் பேசுவது இதுதான் முதல் தடவை.

"பாப்பா, எனக்கு அங்க எவனோ தெரியாதவன்தான் கோடு போடுவான். ஒண்ணு கொறச்சலா போட்டான்னு வெச்சிக்கோ, திரும்பி வந்து உன்னைத்தான் வாங்கு வாங்குன்னு வாங்குவேன்."

சிரிப்பதா அழுவதா என்று எனக்குத் தெரியவில்லை. ரயில் நகர்ந்துவிட்டது. அவர் தலைப்பாகை ரொம்ப தூரம் வரை தெரிந்தது.

நானும் அண்ணனும் நடந்தே திரும்பினோம். கடைத்தெரு தாண்டும்வரை அவன் இரண்டடி முன்னால் நடந்தான். குளக்கரை மேட்டில் ஏறும்போது, "அன்னிக்கு நான் விழுந்தேனே, அப்ப எப்படி இருந்தேன்?" என்றான்.

சொன்னேன். உதட்டு நுரையை, கண்ணை, எல்லாவற்றையும். என்னை அம்மா என்று கூப்பிட்டதையும் சொன்னேன்.

"உன்னையா?"

"ஆமா. தண்ணி கேட்ட."

"குடுத்தியா?"

"எழுந்தேன். முதலாளி உக்காருன்னாரு. உக்காந்துட்டேன்." அழுதுகொண்டே நடந்தேன்.

அண்ணன் நின்றான். துண்டை எடுத்து, என் முகத்தை ரொட்டிப் பெட்டியைத் துடைக்கிற மாதிரி அழுத்தித் துடைத்தான்.

"அடுத்த வருஷம் மறுபடி ஓடுவேன். நீதான் கோடு போடணும்."

"நான் மாட்டேன்."

"நீதான். ஒரு சுத்துக்கு ஒரு கோடு. நான் விழுந்தா, யார் உக்காருன்னாலும் உக்காராத. எழுந்து வந்து என் கையைப் புடி."

"புடிச்சா நிப்பியா?"

யோசித்தான். எனக்காகப் பொய் சொல்வானோ என்று அவன் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

"நிக்க மாட்டேன்," என்றான். "இருந்தாலும் வந்து புடி."

வீட்டுக்கு இன்னும் ஒன்றரை மைல் இருந்தது. அவன் வழக்கம்போல வேகமாக நடக்கத் தொடங்கினான். நான் கூடவே ஓடினேன்.